குரில் தீவுகளில் இருந்து வெளியேற்றப்பட்ட 17,000 பேருக்கு இன்றைக்கு என்ன உரிமை மிச்சம் இருக்கிறது?

கோபி_வாசகன் கேட்டது:

வணக்கங்க. கோபிச்செட்டிபாளையத்தில் நாங்கள் சிலர் சேர்ந்து போட்டித் தேர்வுக்குப் படிக்கிறோம். உலக வரலாற்றில் இரண்டாம் உலகப் போர் முடிந்த பகுதியைப் படிக்கும்போது ரஷ்யாவுக்கும் ஜப்பானுக்கும் இடையே உள்ள குரில் தீவுத் தகராறு வந்தது, அதில் ஆரம்பித்த வாக்குவாதம் இன்னும் ஓயவில்லை.

ஒருத்தர் சொல்கிறார், ஜப்பான் 1951 சான் பிரான்சிஸ்கோ உடன்படிக்கையிலேயே குரிலை விட்டுக்கொடுத்துக் கையெழுத்துப் போட்டாகிவிட்டது, அப்புறம் என்ன வழக்கு என்று. இன்னொருத்தர், பேர்ல் ஹார்பரைத் தாக்கப் போன கப்பற்படை 1941 நவம்பரில் கூடிக் கிளம்பியதே அந்த எதோரோஃபு தீவில் உள்ள ஹிதோகப்பு விரிகுடாவில் இருந்துதான், போரைத் தொடங்கிய நாடு நிலம் போச்சே என்று பேசக் கூடாது என்கிறார்.

எனக்கு இரண்டுமே சமாதானமாக இல்லை. 1945 ஆகஸ்டில் எதோரோஃபு, குனாஷிரி, ஷிகோதான், ஹபொமாய் ஆகிய நான்கிலும் சேர்த்து சுமார் 17,000 ஜப்பானியர்கள் இருந்திருக்கிறார்கள். மீன் பிடித்தும் கடற்பாசி காய வைத்தும் பிழைத்த சனங்கள். 1949க்குள் அத்தனை பேரும் போய்விட்டார்கள். கப்பற்படை அவர்கள் கரையில் வந்து நின்றதற்கு அவர்கள் எப்படிப் பொறுப்பு? வீடு, மயானம், மீன் பிடித்த கடல் என்று எதிலாவது அவர்களுக்கு இன்றைக்குப் பாத்தியதை உண்டா? எண்பது வருசம் ஆகிவிட்டது, அங்கேயே பிறந்த ரஷ்யர்கள் இப்போது இருக்கிறார்கள், அவர்களை என்ன சொல்வது?

சட்டம் படித்தவர்கள், அந்தப் பக்கம் போனவர்கள் யாராவது இருந்தால் சொல்லுங்கள். கச்சத்தீவோடு ஒப்பிட முடியுமா என்றும் எங்கள் குழுவில் கேட்டார்கள்.

---

நாமக்கல்_வரலாற்றாசிரியர் எழுதியது:

தம்பி, முதலில் சட்டத்தைச் சொல்லிவிடுகிறேன். உங்கள் நண்பர்கள் இரண்டு பேரும் ஆளுக்குப் பாதியைப் பிடித்துக்கொண்டு பேசுகிறார்கள்.

1855 பிப்ரவரி 7ஆம் தேதி ஷிமோதாவில் ரஷ்யாவும் ஜப்பானும் போர் எதுவும் இல்லாமல் பேசி எல்லை வகுத்தன. எதோரோஃபுவுக்கும் அதற்கு வடக்கே இருக்கும் உருப் தீவுக்கும் நடுவே கோடு. அதாவது இப்போது வழக்கில் உள்ள நான்கும் அன்றைக்கே ஜப்பான் பக்கம். 1875இல் சகாலினை ரஷ்யாவுக்கு விட்டுக்கொடுத்து மிச்ச குரில் தீவுகளையும் ஜப்பான் வாங்கிக்கொண்டது, அதுவும் பேச்சுவார்த்தைதான். 1905 போருக்குப் பிறகு தெற்கு சகாலினைப் பிடித்தது வேறு கதை. 1943 கெய்ரோ பிரகடனம், ஜப்பான் வன்முறையாலும் பேராசையாலும் பிடித்த இடங்களில் இருந்து துரத்தப்படும் என்றது. இந்த நான்கு தீவுகள் அந்தக் கணக்கில் வராது என்பதுதான் ஜப்பானின் பலமான வாதம், அதில் நியாயம் இருக்கிறது.

சோவியத் பக்கம் கையில் இருப்பது யால்டா. 1945 பிப்ரவரியில் ரூஸ்வெல்ட்டும் சர்ச்சிலும் ஸ்டாலினும் ரகசியமாக ஒப்புக்கொண்டது, ஜப்பானுக்கு எதிராகப் போரில் இறங்கினால் குரில் உங்களுக்கு என்று. ஜப்பானுக்கும் சோவியத்துக்கும் 1941 ஏப்ரலில் போட்ட நடுநிலை ஒப்பந்தம் ஐந்து வருசத்துக்கு. அது முடிவதற்குள்ளேயே 1945 ஆகஸ்ட் 8 அன்று போர் அறிவித்தார்கள். ஆகஸ்ட் 15 ஜப்பான் பேரரசர் சரணடைவதாக வானொலியில் சொல்லிவிட்டார். எதோரோஃபுவில் படை இறங்கியது ஆகஸ்ட் 28. குனாஷிரியிலும் ஷிகோதானிலும் செப்டம்பர் 1. ஹபொமாய் அதற்கும் பின்னால், செப்டம்பர் 2 அன்று சரணாகதிப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்ட பிறகு. இந்தத் தேதிகளை வரிசையாக எழுதிப் பாருங்கள், அங்கே இருந்த சனங்களுக்கு அது எப்படி இருந்திருக்கும் என்று புரியும். போர் முடிந்தது என்று வானொலி சொன்ன பிறகுதான் போர் அவர்கள் வாசலுக்கு வந்தது.

சரி, 1951க்கு வருவோம். சான் பிரான்சிஸ்கோ உடன்படிக்கை இரண்டாம் பிரிவில் ஜப்பான் குரில் தீவுகள் மீதான உரிமையைத் துறந்தது உண்மை. ஆனால் எந்தெந்தத் தீவு குரில் என்று அதில் எழுதவில்லை, யாருக்குப் போகிறது என்றும் எழுதவில்லை, சோவியத் அதில் கையெழுத்தே போடவில்லை. ஜப்பான் பக்கத்துப் பலவீனமும் இங்கேதான். அதே வருசம் அக்டோபரில் அவர்களுடைய வெளியுறவுத் துறையின் உடன்படிக்கைப் பிரிவுத் தலைவரே நாடாளுமன்றத்தில் எதோரோஃபுவும் குனாஷிரியும் குரிலில் சேரும் என்று பதில் சொல்லியிருக்கிறார். 1956இல்தான் அரசு அதை மாற்றி, சேராது என்றது. இதை ஜப்பான் ஆதரவாளர்கள் யாரும் எடுத்துச் சொல்வதில்லை.

1956 அக்டோபரில் இரண்டு நாடும் கூட்டுப் பிரகடனம் போட்டன. அமைதி உடன்படிக்கை முடிந்ததும் ஹபொமாயையும் ஷிகோதானையும் தருவதாக சோவியத் ஒப்புக்கொண்டது. இரண்டோடு முடித்துக்கொண்டால் ஒகினாவாவை நாங்கள் வைத்துக்கொள்ள வேண்டி வரும் என்று அமெரிக்க வெளியுறவு அமைச்சர் டல்லஸ் மிரட்டியது அந்த வருச ஆகஸ்டில். 1960இல் அமெரிக்காவோடு ஜப்பான் பாதுகாப்பு ஒப்பந்தத்தைப் புதுப்பித்ததும், அந்நியப் படை ஜப்பானை விட்டுப் போனால்தான் தருவோம் என்று சோவியத் பின்வாங்கியது. அன்றைக்கு நின்றதுதான். 2018இல் அபேவும் புதினும் சிங்கப்பூரில் சந்தித்து 1956 பிரகடனத்தின் அடிப்படையில் பேசலாம் என்றார்கள், 2020இல் ரஷ்யா நிலத்தை யாருக்கும் தரக்கூடாது என்று அரசியல் சட்டத்தையே திருத்திவிட்டது.

நான்கும் சேர்ந்து ஏறக்குறைய 5,000 சதுர கிலோமீட்டர், நம் கோவை மாவட்டத்தைவிடக் கொஞ்சம் பெரிசு. அதில் தருவதாகச் சொன்ன இரண்டும் நூற்றில் ஏழு பங்குதான். ஆனால் அவற்றைச் சுற்றியுள்ள கடல் பெரிது, மீன் நிறைய.

கச்சத்தீவை இதில் கொண்டு வராதீர்கள் தம்பி. அங்கே குடியிருப்பே கிடையாது, அந்தோணியார் கோயிலும் வலை காய வைக்கும் உரிமையும் கடல் எல்லையும்தான் பிரச்சினை. அது மீனவர் பிழைப்பு பற்றியது, பெரிய விசயம்தான், ஆனால் ஊரை விட்டுத் துரத்தப்பட்டவர் கதை இல்லை.

---

சப்போரோவில்_பெருந்துறைக்காரி எழுதியது:

ஐயா சொன்ன சட்டத்துக்கு மேல் எனக்கு ஒன்றும் தெரியாதுங்க. நான் ஹொக்கைடோவில் வேலை பார்க்கிறேன், நெமுரோவுக்குப் போயிருக்கிறேன், அதனால் அந்தப் பக்கத்தைச் சொல்கிறேன்.

நெமுரோ, ஹொக்கைடோவின் கிழக்கு ஓரம். அங்கே நோசாப்பு முனையில் நின்றால் எதிரில் தெரியும் முதல் பாறைத் தீவு 3.7 கிலோமீட்டர் தூரம். நம்மூரில் அடுத்த ஊர்க் கோயில் கோபுரம் தெரிகிற தூரம்தான். ஊருக்குள் வழிப்பலகைகளில் ஜப்பானிய எழுத்துக்குக் கீழே ரஷ்ய எழுத்தும் இருக்கும், ஏனென்றால் நண்டு விற்க ரஷ்யப் படகுகள் வந்து போன துறைமுகம் அது. ஒரு பக்கம் "எங்கள் தீவைத் திருப்பித் தா" என்று பலகை, இன்னொரு பக்கம் அதே ஆட்களோடு வியாபாரம். இரண்டும் ஒரே தெருவில் இருப்பதை அந்த ஊர்க்காரர்கள் யாரும் விசித்திரமாக நினைக்கவில்லை.

அங்கே ஒரு மண்டபத்தில் தீவில் பிறந்த பெரியவர் ஒருத்தர் பேசினார். ஹபொமாய்க் கூட்டத்தில் ஒரு சின்னத் தீவு அவர் ஊர். கடற்பாசி எடுக்கும் குடும்பம். சிப்பாய்கள் வந்து இறங்கிய பிறகு இரவோடு இரவாகப் படகில் ஏறி நெமுரோவுக்கு வந்திருக்கிறார்கள். அந்த வருசம் இப்படித் தப்பி வந்தவர்கள் மொத்த சனத்தில் கிட்டத்தட்டப் பாதி. வந்து சேர்ந்த நெமுரோவும் 1945 ஜூலையில் அமெரிக்கக் குண்டுவீச்சில் எரிந்து போயிருந்தது, ஒண்ட வீடு கிடையாது.

மிச்சப் பாதி அங்கேயே இருந்தது. சோவியத்தில் இருந்து குடும்பங்கள் வந்து இறங்கி, ஒரே வீட்டில் ஒரு அறையில் இவர்களும் அடுத்த அறையில் அவர்களும் இருந்து, பிள்ளைகள் சேர்ந்து விளையாடி, ரஷ்யப் பேச்சும் கற்றுக்கொண்டு இரண்டு வருசம் போன பிறகு, 1947இல் கப்பலில் ஏற்ற ஆரம்பித்தார்கள். நேராக எதிர்க்கரையில் இறக்கிவிட்டிருந்தால் ஒரு பொழுதுப் பயணம். அப்படிச் செய்யவில்லை. சகாலினில் மவோகா என்ற துறைமுகத்துக்குக் கொண்டு போய் முகாமில் அடைத்து, குளிரிலும் பசியிலும் குழந்தைகளும் வயசானவர்களும் செத்துப் போக, அதற்கப்புறம்தான் வேறு கப்பலில் ஹக்கோதாதேவுக்கு அனுப்பினார்கள். 1949 வரைக்கும் இது நடந்தது.

கோபித் தம்பி கேட்ட உரிமை விசயம். ஜப்பானில் ஒவ்வொரு குடும்பத்துக்கும் ஒரு பூர்வீகப் பதிவு உண்டு. 1983 முதல் அந்தப் பதிவை இந்தத் தீவுகளின் பேரில் வைத்துக்கொள்ளச் சட்டம் இருக்கிறது, நெமுரோ நகராட்சி அதைப் பார்த்துக்கொள்கிறது. ஆனால் அந்தக் காகிதத்தை வைத்துக்கொண்டு போய் ஒரு பிடி மண் எடுக்க முடியாது.

நிஜமாகக் கிடைத்தது போக்குவரத்து உரிமைதான், அதுவும் விட்டு விட்டு. 1964இல் மயானத்துக்குப் போய் வர விட்டார்கள். 1976இல் கடவுச்சீட்டும் விசாவும் கேட்டார்கள். அதைக் கொண்டு போனால் அது அந்நிய நாடு என்று ஒத்துக்கொண்டதாகும் என்று ஜப்பான் மறுக்க, பத்து வருசம் நின்றது. 1986இல் மறுபடி திறந்தது. 1992 முதல் விசா இல்லாமல் இரண்டு பக்கத்து ஆட்களும் போய் வந்தார்கள். ரஷ்யக் குடும்பங்கள் ஜப்பானுக்கு வந்து வீடுகளில் தங்கினார்கள், இவர்கள் அங்கே போனார்கள். 1999 முதல் சொந்த ஊர் இருந்த இடத்தையே பார்த்து வர ஏற்பாடு. யாருடைய நிலம் என்ற கேள்வியை இரண்டு அரசும் தொடாமல் ஒதுக்கி வைத்ததால்தான் இவ்வளவும் நடந்தது. என்னைக் கேட்டால் இந்த எண்பது வருசத்தில் அந்தச் சனத்துக்கு யாராவது செய்த நல்ல காரியம் இது ஒன்றுதான்.

2020இல் கொரோனாவால் நின்றது. 2022இல் உக்ரைன் போருக்காக ஜப்பான் தடை விதித்ததும் ரஷ்யா அமைதிப் பேச்சையும் விசா இல்லாப் போக்குவரத்தையும் முறித்துக்கொண்டது. இப்போது எத்தோபிரிகா என்ற கப்பலில் ஏறி, நடுக்கோட்டுக்கு இந்தப் பக்கமே நின்று, தீவைப் பார்த்துக் கும்பிட்டுத் திரும்புகிறார்கள். தீவில் பிறந்தவர்களின் சராசரி வயசு தொண்ணூறை நெருங்குகிறது. இன்னும் பத்து வருசம் கழித்து வழி திறந்தால் போவதற்கு ஆள் இருக்க மாட்டார்கள், எனக்குக் கோபம் வருவது இதனால்தான்.

---

ஊத்துக்குளிக்காரன் எழுதியது:

நல்லாச் சொன்னீங்க அக்கா. ஆனால் இரண்டு தரப்பைப் பற்றி இங்கே யாரும் வாய் திறக்கவில்லை.

ஒன்று, அந்தத் தீவுகளில் இப்போது இருக்கும் ரஷ்யர்கள். போர் முடிந்ததும் வேலைக்கும் சம்பளத்துக்கும் அனுப்பப்பட்ட ஏழைக் குடும்பங்கள்தான் பெரும்பாலும். அவர்களுடைய பேரப்பிள்ளைகள் இன்றைக்கு அங்கே பள்ளிக்கூடம் போகிறார்கள். 1994 அக்டோபரில் வந்த நிலநடுக்கத்தில் ஷிகோதானும் குனாஷிரும் நொறுங்கி நிறையப் பேர் ஊரையே விட்டுப் போய்விட்டார்கள், அதற்கு மேலும் அங்கேயே கிடந்து கட்டிக்கொண்டவர்கள் இவர்கள். தீவை ஜப்பானுக்குத் திருப்பிக் கொடு என்றால் இவர்களைக் கப்பலில் ஏற்றவா? 1947இல் நடந்தது அநியாயம் என்றால் அதையே மறுபடி செய்வதும் அநியாயம்தான். ஹபொமாயில் மட்டும் எல்லைக் காவல் படை தவிர குடிமக்கள் கிடையாது, அங்கே இந்தச் சிக்கல் இல்லை.

இரண்டாவது ஐனு மக்கள். ஷிமோதாவில் கோடு போட்ட இரண்டு பேரில் யாருக்கும் சொந்தமாக இருப்பதற்கு முன்பே அந்தத் தீவுகள் ஐனுக்களின் ஊர். 1875 உடன்படிக்கைக்குப் பிறகு வட குரிலில் இருந்த ஐனுக்கள் ரஷ்யர்களோடு பழகியவர்கள், எல்லையில் விட்டு வைத்தால் ஆபத்து என்று ஜப்பான் அரசே 1884இல் 97 பேரை ஷும்ஷுவில் இருந்து அள்ளிக்கொண்டு வந்து ஷிகோதானில் விட்டது. பழகாத உணவு, பழகாத வேலை, சில வருசத்திலேயே ஏராளமானோர் இறந்துவிட்டார்கள். ஆக 1945க்கு அறுபது வருசம் முன்னாலேயே அதே ஷிகோதானில் இடம்பெயர்க்கப்பட்டவர்கள் இருந்தார்கள், அதைச் செய்தது ஜப்பான். "திருப்பித் தா" என்று பலகை வைக்கும்போது அந்த 97 பேரின் வாரிசுகளுக்கு யார் எதைத் திருப்பித் தருவது?

பெரியவர் பட்ட கஷ்டத்தைக் குறைத்துச் சொல்லவில்லைங்க. வரிசையை 1945இல் தொடங்கினால் ஒரு தரப்புத்தான் தெரியும் என்கிறேன்.

---

பவானிசாகர்_மயிலிட்டி எழுதியது:

நான் பவானிசாகர் முகாமில் பிறந்தவள். அம்மம்மாவின் ஊர் யாழ்ப்பாணத்தில் மயிலிட்டி, மீன்பிடித் துறைமுகம். 1990 ஜூனில் வலிகாமம் வடக்கு முழுக்க ஓடினபோது அவர்களும் ஓடி, பிறகு கடல் கடந்து இங்கே வந்தார்கள். அந்த ஊர் உயர் பாதுகாப்பு வலயம் என்று இராணுவத்திடம் இருந்தது. 2017 ஜூலையில் துறைமுகத்தை விட்டார்கள். 27 வருசம்.

இந்தத் திரியை அம்மம்மாவுக்கு வாசித்துக் காட்டினேன். அண்ணா சொன்ன ரஷ்யப் பிள்ளைகள் பகுதியைக் கேட்டுவிட்டு, பிள்ளைகள் இருக்கட்டும், எங்களை ஒருக்கால் போய்ப் பார்க்கவிட்டால் போதும் என்றுதான் அவர்களும் சொல்லுவினம் என்றா. அவ சொன்னது ஜப்பான் ஆட்களைப் பற்றி. தன்னைப் பற்றியும்தான் என்று நினைக்கிறேன்.

எங்கள் பக்கம் ஒரு தீவும் இருக்கிறது, இரணைதீவு. கிளிநொச்சி மாவட்டம், பூநகரிக்குக் கீழே. 1992இல் சனம் எழும்பி முழங்காவில் பக்கம் இரணைமாதாநகரில் இருந்தது, கடற்படை தீவில் இருந்தது. போர் 2009இல் முடிந்த பிறகும் விடவில்லை. 2017இல் பெண்கள் முன்னுக்கு நின்று போராட்டம் தொடங்கினார்கள், மாதக்கணக்காக. 2018 ஏப்ரலில் யாரும் உத்தரவு தராமலே படகுகளில் ஏறி, வெள்ளைக் கொடியோடு போய்க் கரையில் இறங்கி, தேவாலயத்தில் செபம் செய்து, இனி இங்கேதான் இருப்போம் என்று உட்கார்ந்துவிட்டார்கள். கடற்படை தடுக்கவில்லை. அவர்களிடமும் காணி உறுதி இருந்தது, அந்தக் காகிதத்தை 26 வருசம் காட்டிப் பிரயோசனம் இல்லை. போய் இறங்கினதுதான் வேலை செய்தது.

ஆனால் அது ஒரு நாட்டுக்குள்ளே. குரிலில் அப்படிப் படகில் போனால் சுட்டுவிடுவார்கள் அல்லவா?

---

சப்போரோவில்_பெருந்துறைக்காரி எழுதியது:

சுட்டிருக்கிறார்கள் கண்ணு. 2006 ஆகஸ்டில் நெமுரோ நண்டுப் படகு ஒன்றை ரஷ்ய எல்லைக் காவல் படை சுட்டு, ஒரு மீனவர் இறந்தார். நம்ம ராமேஸ்வரம் ஆட்களுக்கு விளக்கமே தேவைப்படாத செய்தி அது.

ஆனால் இதையும் சொல்ல வேண்டும். பனிப்போர் உச்சத்தில் இருந்த 1963லேயே மீனவர் சங்கத்துக்கும் சோவியத்துக்கும் ஒப்பந்தம் ஆகி, நோசாப்பு முனைக்கு எதிரில் இருக்கும் அந்த 3.7 கிலோமீட்டர் பாறையைச் சுற்றிக் கடற்பாசி எடுக்க விட்டார்கள். யாருடைய கடல் என்று தீராமலே இது நடந்தது. வெயில் காலத்தில் படகுகள் வரிசையாக நின்று ஒரே நேரத்தில் கிளம்பும். அரசுகள் எழுதத் தயங்கியதை மீனவர் சங்கம் எழுதி வாங்கியது. அம்மம்மாவிடம் இதைச் சொல்லுங்கள், அவருக்குப் பிடிக்கும்.

---

சத்தி_மலையடிவாரம் எழுதியது:

பவானிசாகர் என்று படித்ததும் எழுதத் தோன்றியது. அந்த முகாமுக்குப் பக்கத்தில் இருக்கும் அணைக்குள்தான் எங்கள் அப்பாரு ஊரு. அணை கட்டி 1955இல் தண்ணீர் தேக்கினபோது டணாய்க்கன் கோட்டையும் சுற்றியிருந்த ஊர்களும் முழுகிப்போச்சு. தண்ணீர் நன்றாக வற்றும் வருசங்களில் பழைய கோயில் மேலே தெரியும், அப்போது எங்கள் பெரியவர்கள் சேற்றில் நடந்து போய்ப் பார்த்துவிட்டு வருவார்கள். போர் இல்லை, யாரும் துப்பாக்கி காட்டவில்லை, கீழே எத்தனையோ ஆயிரம் ஏக்கர் அதனால் விளைகிறது. ஆகையால் இரண்டையும் ஒன்று என்று சொல்ல மாட்டேன். ஆனால் போய்ப் பார்த்தால் போதும் என்று அந்த அம்மா சொன்னது எனக்கு அப்படியே விளங்குகிறதுங்க.

---

கோபி_வாசகன் எழுதியது:

எல்லாருக்கும் ரொம்ப நன்றிங்க. இது தேர்வுக் குறிப்பாக முடியும் என்று நினைத்துத்தான் கேட்டேன்.

எங்கள் குழுவில் நான் இனி இப்படித்தான் வாதாடப் போகிறேன். நிலம் யாருக்கு என்பதும் அங்கே இருந்தவர்கள் போய் வரலாமா என்பதும் இரண்டு வழக்கு. முதல் வழக்கு தீரட்டும், அப்புறம் இரண்டாவதைப் பார்க்கலாம் என்று சொல்வதே அந்தச் சனத்துக்குச் செய்யும் துரோகம், ஏனென்றால் முதல் வழக்குக்கு அவசரம் இல்லை, இரண்டாவதற்குத் தொண்ணூறு வயசு. 1992 முதல் 2019 வரை இரண்டையும் பிரித்து நடத்த முடிந்திருக்கிறது, முடியாது என்று யாரும் சொல்ல முடியாது. ரஷ்யக் குடும்பங்கள் இருந்த இடத்திலேயே இருக்கலாம், ஐனு வாரிசுகளும் அந்தப் போக்குவரத்தில் சேர வேண்டும்.

ஐயா, ஒரே ஒரு சந்தேகம். 2022இல் ரஷ்யா முறித்தபோது மயானத்துக்குப் போகும் 1986 ஏற்பாடும் சேர்ந்து போய்விட்டதா?

---

நாமக்கல்_வரலாற்றாசிரியர் எழுதியது:

இல்லை தம்பி. 2022 செப்டம்பரில் ரஷ்யா ரத்து செய்தது விசா இல்லாப் போக்குவரத்துக்கான ஏற்பாட்டையும் சொந்த ஊர் பார்க்கும் 1999 ஏற்பாட்டையும்தான். மயானத்துக்குப் போகும் 1986 ஏற்பாட்டை அவர்கள் எழுத்தில் ரத்து செய்யவில்லை. அதனால்தான் ஜப்பான் இப்போது மற்றதையெல்லாம் பின்னுக்கு வைத்து, மயானப் பயணத்தை மட்டுமாவது முதலில் தொடங்குங்கள் என்று கேட்டுக்கொண்டிருக்கிறது. உங்கள் வாதத்தில் இதையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.